பட்டம் கேட்ட ஸ்டுடியோ

"வெறும் டிப்ளமோதானே" என்று யாராவது சொன்னால் நமக்கெல்லாம் சுருக்கென்று இருக்கும். எந்தப் பட்டமும் இல்லாமல் சினிமாவில் சாதித்த ஒரு ஜப்பான் பெண்மணியைப் பற்றிச் சொல்கிறேன், கேளுங்கள். பெயர் சகானே தஸுகோ. எடிட்டர்.

1904-ல் கியோட்டோவில் பிறந்தவர். கல்லூரிப் படிப்பு பாதியில் நின்றுவிட்டது. 1929-ல் நிக்காட்சு ஸ்டுடியோவில் சேர்ந்து, டைரக்டர் மிசோகுச்சி கென்ஜியிடம் தொழில் கற்றார். 1936-ல் வந்த மிசோகுச்சியின் 'ஒசாகா எலெஜி', 'சிஸ்டர்ஸ் ஆஃப் த கியோன்' இரண்டுக்கும் எடிட்டிங் இவர்தான். மிசோகுச்சியோ ஷாட்டை நீளமாக ஓடவிடுகிற ஆள். அப்ப எடிட்டருக்கு என்ன வேலை என்று கேட்காதீங்க! நிறைய வெட்டு உள்ள படத்தில் ஒன்று பிசகினாலும் ஓடிப்போயிடும். கொஞ்சமாக வெட்டினால் ஒவ்வொன்றும் கண்ணில் படும். லேத்தில் ஃபினிஷிங் கட் கொடுக்கிற மாதிரிதான்.

அதே 1936-ல் 'ஹட்சு சுகதா' என்ற படத்தை அவரே டைரக்ட் செய்தார். ஜப்பானில் கதைப்படம் இயக்கிய முதல் பெண் அவர்தான். போர்க்காலத்தில், ஜப்பான் பிடித்து வைத்திருந்த மஞ்சூரியாவுக்குப் போய், அங்கே ஜப்பானியர்களைக் குடியேற்றுவதற்குத் துணைபோகிற படம் எடுத்தார். அதை நான் நியாயப்படுத்தவில்லை.

1946-ல் நாடு திரும்பினார். ஷோச்சிகு ஸ்டுடியோவில் டைரக்டராக வேண்டுமானால் பல்கலைக்கழகப் பட்டம் வேண்டும் என்றுவிட்டார்கள். பத்து வருஷம் முன்னாடியே படம் எடுத்துக் காட்டியவரிடம்! பெண் என்பதுதான் நிஜக் காரணம், பட்டம் சும்மா ஒரு சாக்கு என்பது என் அபிப்பிராயம். அதற்குப் பிறகு ஸ்கிரிப்ட் கிளார்க் வேலை. விசிறி எந்த ஷாட்டில் எந்தக் கையில் இருந்தது என்று குறித்து வைக்கிற வேலை. 1962 வரை ஸ்டுடியோவில் உழைத்தார். 1975-ல் இறந்தார்.

எனக்கு ஏன் இவ்வளவு கோபம் என்றால், எங்க அப்பா இருபது வருஷமா லேத் ஓட்டுகிறார். பட்டறைக்குப் புதுசா வருகிற பையன்களுக்கு அவர்தான் கற்றுக்கொடுப்பார். சூப்பர்வைசர் இடம் காலியானபோது சர்டிபிகேட் கேட்டார்கள். அவர் கற்றுக்கொடுத்த பையனே அந்த நாற்காலியில் உட்கார்ந்தான். அதனால்தான் கடன் வாங்கியாவது என்னை இங்கே சேர்த்தார். ஆக, காகிதம் வேண்டாம் என்று சொல்ல எனக்கு வாயில்லை, அதற்காகத்தானே வந்திருக்கிறேன். செய்து காட்டிய வேலையைப் பார்க்காமல் காகிதத்தை மட்டும் பார்க்கிறார்களே, அதைத்தான் கேட்கிறேன்.

சகானே வெட்டி ஒட்டிய அந்த இரண்டு மிசோகுச்சி படங்களையும் உலகம் இன்னும் பார்க்கிறது. அவரே இயக்கிய 'ஹட்சு சுகதா'வின் பிரிண்ட்தான் கிடைக்கவில்லை.