தீப்பெட்டி நமத்துப் போகாமல் இருக்க...

கேள்வி: மழைக்காலத்தில் இரவுக் காவலுக்கு வயலுக்குப் போகும்போது மடியில் இருக்கும் தீப்பெட்டி நமத்துப் போகிறது. காலியான பூச்சிமருந்து பாட்டிலைக் கழுவி, அதில் போட்டு எடுத்துச் செல்லலாமா?
- ஒரு வாசகர், மயிலாடுதுறை மாவட்டம்.

பதில்: பூச்சிமருந்து பாட்டில் கூடவே கூடாது. எத்தனை முறை கழுவினாலும் நஞ்சின் மிச்சம் அதில் தங்கியிருக்கலாம். குச்சியைத் தொட்ட கையால் வெற்றிலை போட்டால், அது நேராக வாய்க்குப் போகும். வீட்டில் பிள்ளைகள் கையிலும் அந்த பாட்டில் சிக்கும்.

திருகுமூடி போட்ட சிறிய மாத்திரை டப்பாவே போதும். குச்சி முனையில் உள்ள பொட்டாசியம் குளோரேட் நீரில் கரையக்கூடியது. பெட்டியின் பக்கவாட்டில் இருக்கும் சிவப்புப் பாஸ்பரஸ் பட்டையும் ஈரம் பட்டால் கெட்டுவிடும். இரண்டில் எது கெட்டாலும் தீ பற்றாது. ஆகவே, குச்சிகளோடு பட்டையையும் வெட்டி எடுத்துக்கொள்ள வேண்டும். ஆனால், இரண்டும் உள்ளே உரசினால் டப்பாவுக்குள்ளேயே தீப்பிடிக்கலாம். பட்டையைத் தனியாக பாலித்தீன் தாளில் சுற்றி வைக்கவும். குச்சிகள் குலுங்காதபடி, மேலே கொஞ்சம் காகிதத்தை அடைக்கவும்.

முதலில் டப்பாவைச் சோதித்துப் பாருங்கள். உள்ளே வெறும் காகிதத்தை மட்டும் போட்டு இறுக மூடி, வாளித் தண்ணீரில் பத்து நிமிடம் அமுக்கி வைக்கவும். காகிதம் நனையாமல் இருந்தால் அந்த டப்பாவை நம்பலாம். ஈரக் கையோடு மட்டும் மூடியைத் திறக்காதீர்கள். நனைந்த குச்சிகளை அடுப்போரம் காயவைப்பது ஆபத்து, தூக்கிப் போட்டுவிடுங்கள்.