கேட்டபின் பேசுக

தொலைக்காட்சியில் குரங்கினங்களைப் பற்றி விளக்குவோரைக் கண்டு, ‘நாமும் இவ்வாறு புகழ் பெறலாமே’ என மாணவர் சிலர் எண்ணுவர். அவ்வெண்ணம் நன்றே. ஆயினும், அப்புகழுக்கு முன் உழைத்த ஆண்டுகளையும் அவர்கள் அறிதல் வேண்டும்.

இங்கிலாந்து நாட்டு விலங்கியல் அறிஞர் சார்லட் உலன்புரோக் அம்மையார், தான்சானியாவின் கொம்பே காட்டில் நான்கு ஆண்டுகள் சிம்பன்சிகளைப் பின்தொடர்ந்தார். தொலைவில் நிற்கும் தம் கூட்டத்தாருக்குக் கேட்க அவை எழுப்பும் கூவலை ஆராய்ந்து, பிரிஸ்டல் பல்கலைக்கழகத்தில் முனைவர் பட்டம் பெற்றார். அதன் பின்னரே பி.பி.சி. தொலைக்காட்சியில், 2000ஆம் ஆண்டில் குரங்கினங்களைப் பற்றிய ‘கசின்ஸ்’ தொடரையும், 2002இல் விலங்குகளின் மொழி பற்றிய ‘டாக்கிங் வித் அனிமல்ஸ்’ தொடரையும் வழங்கினார். காட்டில் கேட்டறிந்ததையே திரையில் எடுத்துரைத்தார்.

கல்விக்குக் குறுக்கு வழி இல்லை என்பதே நம் கருத்து. பெற்றோர்களே! எறும்பையும் பறவையையும் உற்று நோக்கி நிற்கும் பிள்ளையை, வீண்பொழுது போக்குவதாகக் கடியாதீர்கள். கண்டதைக் குறிப்பேட்டில் எழுதச் சொல்லுங்கள். ஆறாம் ஆண்டோடு படிப்புப் போதுமென எண்ணாதீர்கள். மாணவச் செல்வங்களே! தோட்டத்து ஓரம் வரும் குரங்கின்மீது கல்லெறிவதை விடுத்து, அதன் குரலைக் கூர்ந்து கேளுங்கள். அறிவு அங்கே தொடங்கும்.