எரிந்த படமும் எரியாத அரியணையும்

இலங்கையில் எடுக்கப்பட்ட முதற் கதைப்படம் 1925-ஆம் ஆண்டின் ‘ராஜகீய விக்கிரமய’. பேசாப் படம். சிங்கப்பூரிலும் இந்தியாவிலும் காட்டப்பட்ட அது, இலங்கைத் திரைக்கு வருமுன்னரே தீயில் அழிந்தது. அரச குலத்துச் சாகசத்தைப் பெயரிலேயே சுமந்த அப்படத்தின் நாயகனாக நடித்த இளைஞர் என். எம். பெரேரா. 1935-இல் லங்கா சமசமாஜக் கட்சியை நிறுவியோருள் ஒருவரான அதே பெரேராதான்!

கலைச் செல்வம் போயிற்றே என்று பெருமூச்செறிவோர் எறியட்டும். படம் எரிந்தது, அரியணை மோகம் எரிந்ததா?

பல்லேகலையிலிருந்து தெல்தெனியா வழியே சென்றால் மெதமஹநுவர. 1815 பெப்ரவரி 18-இல் ஸ்ரீ விக்கிரமராஜசிங்கன் அப்பகுதியிலேயே பிடிபட்டான். இக்கதையைத் தமிழன் வீழ்ந்த கதையாக நம்மவரும், அந்நியன் ஒழிந்த கதையாக மற்றவரும் மேடையேற்றுகின்றனர். இரண்டும் புரட்டு. கண்ணுசாமி என்ற அவ்விளைஞனை 1798-இல் அரசனாக்கியவர் பிலிமத்தலாவை என்னும் சிங்கள அதிகாரம். 1803-இல் அவனுக்கு எதிராக ஆங்கிலேயர் கண்டியில் முடிசூட்டிய முத்துசாமியும் அதே நாயக்கர் குலத்தவன். அரசனை நீக்கி நாட்டைப் பிரித்தானிய முடிக்கு ஒப்படைத்த 1815 மார்ச் 2-ஆம் நாள் உடன்படிக்கையிலோ, சிங்களப் பிரதானிகள் சிலரின் கையொப்பம் தமிழ் எழுத்தில் இருக்கிறது. இதில் இனப்போர் எங்கே? நடந்தது பிரபுக்களின் பேரம்.

கண்டி வாவியைப் பாருங்கள். அரசன் பெயர் சொல்லி வியக்கிறோம். இராஜகாரியம் என்ற பெயரால், கூலியின்றி மண் சுமந்தவன் பெயர் எந்த நாடகத்திலாவது உண்டா? மகுடம் இலண்டனுக்கு மாறிய பின்னும், 1830-களின் தொடக்கம் வரை அவன் சுமை இறங்கவில்லை. அதன்பின் கோப்பித் தோட்டங்களுக்குத் தென்னிந்தியக் கூலிகள் திரளாக வந்தனர். இங்கே நம் வகுப்புகளில் அமர்ந்திருப்போருட் பலர் அவர்களின் வழித்தோன்றல்களே.

இன்னொன்றையும் நம் அணியினர் முகம் சுளிக்காமல் கேட்க வேண்டும். தோட்டத் தொழிலாளரை நாடற்றவராக்கிய 1948-ஆம் ஆண்டுக் குடியுரிமைச் சட்டத்தைச் சமசமாஜக் கட்சி எதிர்த்தது. அப்பெருமை அதற்கு உரியது. ஆனால் 1964 அக்டோபரில், 5,25,000 பேரை இந்தியாவுக்கு அனுப்பச் சிறீமா–சாஸ்திரி ஒப்பந்தம் கையெழுத்தானபோது, என். எம். பெரேரா அதே அரசின் நிதியமைச்சர். 1925-இல் நடிப்புக்காக அரசவை ஏறியவர், 1964-இல் மெய்யாகவே அமைச்சரவை ஏறினார். அனுப்பப்பட்டவரைக் கேட்டவர் எவருமில்லை.

பள்ளி விழாவுக்கு மீண்டும் அட்டைக் கிரீடம் வெட்டும் ஆசிரிய நண்பர்களே, வாவி வெட்டியவனுக்கும் கப்பலேறியவளுக்கும் இம்முறை எந்தக் காட்சியில் இடம் தரப் போகிறீர்கள்?