ஷோப்பானின் நண்பர் மட்டும்தானா?

ஆகுஸ்த் ஃப்ரான்ஷோம்னு ஒரு செலோக்காரர். எந்தப் புத்தகத்தைத் திறந்தாலும் "ஷோப்பானின் நண்பர்"னு ஒரு வரியில முடிச்சிடறாங்க. எனக்கு இதில் உடன்பாடே இல்லை.

1808-ல் லீல் நகரத்தில் பிறந்தவர். பாரீஸ் கான்சர்வத்வார்ல படிச்சிட்டு நாடகக் கொட்டகை ஆர்கெஸ்ட்ராவில் வாசிக்க ஆரம்பிச்சார். பிறகு ஒபேரா, இத்தாலியத் தியேட்டர். 1828-ல் ஹாபெனெக் தொடங்கின கான்சர்வத்வார் கச்சேரி சங்கத்தில் ஆரம்ப உறுப்பினர். பீத்தோவன் சிம்பனிகளை பாரீஸ்காரங்க காதில் உறைக்க வெச்ச ஆர்கெஸ்ட்ரா அது. அங்கே செலோ வரிசையில் இருந்தவர் நம்மாளு.

இப்போ ஷோப்பான் கதைக்கு வருவோம். ஷோப்பான் தன் வாழ்நாள் முழுக்க பியானோவைக் கட்டிக்கிட்டு அழுதவர். வேற வாத்தியத்துக்கு அவர் எழுதினது கொஞ்சம்தான், அதிலும் பெரும்பகுதி செலோவுக்கு. ஏன் செலோ? பக்கத்தில் இவர் இருந்தார், அதான். மேயர்பியரோட 'ராபர்ட் லெ தியாப்ல்' ஒபேரா மெட்டுகளை வெச்சு ரெண்டு பேரும் சேர்ந்தே ஒரு டூயோ எழுதினாங்க. அதிலேயும் இவர் பெயர் ரெண்டாவதாத்தான் வரும் (வந்தால்!). ஜி மைனர் சொனாட்டா இவருக்கே சமர்ப்பணம். 1848 பிப்ரவரி 16, ப்ளெயெல் ஹால். ஷோப்பானோட கடைசி பாரீஸ் கச்சேரி. அந்த சொனாட்டாவின் கடைசி மூணு பகுதிகளை ரெண்டு பேரும் வாசிச்சாங்க. அடுத்த வருஷம் ஷோப்பான் போயாச்சு. அவர் கிறுக்கி வெச்சிட்டுப் போன எஃப் மைனர் மசூர்காவைப் படிச்சு ஒரு உருவத்துக்குக் கொண்டு வந்ததும் ஃப்ரான்ஷோம்தான். எழுத்து புரியாத தாள் அது. நண்பர்னு ஒரு வார்த்தையில அடங்குற வேலையா இது?

அவர் சொந்தமா எழுதினது ஐம்பதுக்கும் மேல, கிட்டத்தட்ட எல்லாமே செலோவுக்கு. அதில் சிலது அந்தக் காலத்து ஒபேரா மெட்டு அலங்காரம், இன்னிக்குக் கேட்டா கொஞ்சம் அலுக்கும், ஒத்துக்கறேன். ஆனா ஓபஸ் 7, பன்னிரண்டு காப்ரீஸ்? அது வேற ஜாதி. மாணவர்கள் விரலுக்குப் பயிற்சின்னு வாசிச்சுத் தள்ளுறாங்க, மேடைக்கு வர்றது அபூர்வம்.

1843-ல் இவர் துபோர் ஸ்ட்ராடிவாரியஸை 22,000 ஃப்ராங்க் கொடுத்து வாங்கினார். பின்னாளில் ரோஸ்ட்ரோபோவிச் வாசிச்சது அதே செலோ. அந்த மரத்துக்குக் கிடைச்ச மரியாதையில் பாதி இவர் பாட்டுக்குக் கிடைக்கலை.

ஓபஸ் 7-க்கு அவரே ரெண்டாவது செலோ ஒண்ணும் எழுதி வெச்சிருக்கார், விருப்பம் இருந்தா சேர்த்துக்கலாம்னு. ரெண்டு செலோவும் சேர்ந்த பதிவாப் பார்த்துக் கேளுங்க.