மகுடம் தெரிகிறது, மண் சுமந்தவன் எங்கே?

சீன அரசு டெலிவிஷன் 2020 டிசம்பரில் 'தா சின் ஃபூ' என்னும் நீண்ட சரித்திரத் தொடரை ஒளிபரப்பியது. ஓயாமல் போரிட்டு வந்த ஏழு ராஜ்யங்களில் ஒன்று சின். அதன் மன்னன் யிங் ஜெங் மற்ற ஆறையும் வென்று, கி.மு. 221-ல் முதல் சக்கரவர்த்தியான கதை அது. கொடுங்கோலனுக்குப் புகழ்மாலை சூட்டுகிறார்கள் என்று சீனப் பார்வையாளர்களே பலர் குறை கூறினார்கள்.

நாம் ஒன்றை ஒப்புக்கொள்வோம். ஒரே எழுத்து, ஒரே நாணயம், ஒரே எடை, ஒரே அளவு, வண்டி அச்சுக்கும் ஒரே அகலம் என்று வந்தது முன்னேற்றமே. ராஜ்யத்துக்கு ஒரு படி, ராஜ்யத்துக்கு ஒரு தராசு என்றிருந்த நிலைமை ஒழிந்தது நல்லதே. ஆனால் இதைச் சாதித்தது யார்? தொடரைப் பார்த்தால் மன்னனும் மந்திரிகளும் தளபதிகளும்தான் என்று தோன்றும்.

கி.மு. 246-ல் சின் ராஜ்யம் பெரிய பாசனக் கால்வாய் ஒன்றை வெட்டத் தொடங்கியது. அதன் விளைச்சல்தான் படைக்குச் சோறு போட்டது. திட்டம் வகுத்த ஜெங் குவோவின் பெயர் கால்வாய்க்கு நிலைத்தது. மண் சுமந்தவர்களின் பெயர் எங்கே? கி.மு. 260-ல் சாங்பிங் யுத்தத்தில் சரணடைந்த ஜாவ் ராஜ்யத்துப் படையினர் லட்சக்கணக்கில் கொல்லப்பட்டதாகச் சரித்திராசிரியர் ஸீமா சியான் எழுதுகிறார். ஏரை விட்டுப் படைக்கு இழுத்து வரப்பட்ட குடியானவர்கள் அல்லவா அவர்கள்? சக்கரவர்த்தியின் அரண்மனைக்கும் சமாதிக்கும் 7 லட்சம் கைதிகள் உழைத்தார்கள் என்பதும் அவர் தரும் கணக்குத்தான்.

ஒருங்கிணைப்பின் வெற்றியோடு தொடர் முடிகிறது. சரித்திரம் அங்கே முடியவில்லை.

கி.மு. 209-ல் எல்லைக் காவலுக்கு 900 பேரை ஓட்டிச் சென்றார்கள். வழியில் பெருமழை, பாதை அடைபட்டது. குறித்த நாளில் போய்ச் சேராவிட்டால் மரண தண்டனை. போனாலும் சாவு, ஓடினாலும் சாவு என்ற நிலையில் சென் ஷெங்கும் வு குவாங்கும் கலகக் கொடி தூக்கினார்கள். இந்தச் சென் ஷெங் யார் தெரியுமா? பிறர் நிலத்தில் கூலிக்கு உழுதவன்! அவன் மூட்டிய தீ நாடெங்கும் பரவியது. என்றென்றும் நிலைக்கும் என்று சக்கரவர்த்தி நம்பிய சாம்ராஜ்யம் கி.மு. 206-ல் மண்ணோடு மண்ணாயிற்று.

ஆனால் சென் ஷெங்கும் தன்னையே ராஜா என்று அறிவித்துக்கொண்டான். சில மாதங்களில் தன் தேரோட்டியாலேயே கொல்லப்பட்டான். கடைசியில் லியூ பாங் ஹான் வம்சத்தை நிறுவினான். மகுடம் கை மாறியது; கூலிக்கு உழுதவன் கூலிக்கே உழுதான். இந்தப் பாடத்தை எந்த அரண்மனைக் கதையும் நமக்குச் சொல்லித் தராது.

1974-ல் ஷியான் நகருக்கு அருகே கிணறு வெட்டிய விவசாயிகள், அந்தச் சக்கரவர்த்தியின் சமாதியைக் காக்கும் மண் சிப்பாய்களைக் கண்டெடுத்தார்கள். சில சிலைகளில் செய்தவர்களின் பெயர்கள் இருக்கின்றன. பெருமைக்காக அல்ல; வேலையில் பழுது வந்தால் ஆளைப் பிடிப்பதற்காக! ஆலைத் தொழிலாளிக்கு இதை விளக்க வேண்டியதில்லை.

தோழர்களே, சரித்திரத் தொடர் பாருங்கள், தவறில்லை. ஆனால் கோட்டை வாசல் திறக்கும்போதெல்லாம் கேளுங்கள்: இந்தக் கல்லைச் சுமந்தது யார்? அவன் வீட்டில் அன்று உலை கொதித்ததா?