ஒரு கல், ஒரு கூத்து, நான்கு கோப்புகள்

தருமபுரி மாவட்ட ஆட்சித் தலைவர் அவர்களுக்கு,

திங்கட்கிழமைதோறும் பட்டா, பாதை, முதியோர் உதவித்தொகை என்று உங்கள் மேசையில் மனுக்கள் குவிகின்றன. இதுவும் ஒரு மனுதான். ஆனால் இதை எந்தத் துறைக்குத் தள்ளிவிடுவது என்று உங்கள் அலுவலகத்தில் யாருக்கும் விளங்காது. அதனால்தான் எல்லோரும் பார்க்கும்படி எழுதுகிறேன்.

பென்னாகரம் வட்டாரத்து வாக்காளர் பட்டியலைப் புரட்டிப் பாருங்கள். வேடியப்பன், வேடி, வேடியம்மாள் என்று பெயர்கள் வந்துகொண்டே இருக்கும். இந்தப் பெயரின் மூலவர் ஒரு கல். ஏரிக்கரையிலோ புளியமரத்தடியிலோ காட்டோரத்திலோ நிற்கும் பழைய நடுகல்லைத்தான் நம் பக்கத்து மக்கள் வேடியப்பன் என்று கும்பிடுகிறார்கள். கையில் வில், இடுப்பில் கத்தி, உடம்பில் தைத்த அம்புகள், சில கற்களில் காலடியில் இரண்டு மூன்று மாடுகள். மேலே வட்டெழுத்து. தலைமுறை தலைமுறையாகப் பூசிய எண்ணெயும் மஞ்சளும் அந்த எழுத்துகளின் பள்ளத்தில் இறுகிப் போயிருக்கும். பகைவர் ஓட்டிப்போன மாட்டு மந்தையை மீட்கப் போய் உயிர்விட்ட ஆளின் ஊரையும் பெயரையும், அப்போது ஆண்ட அரசனின் ஆட்சியாண்டையும் அந்த எழுத்து சொல்கிறது. கும்பிடுகிறவருக்கு அதைப் படிக்கத் தெரியாது. படிக்கத் தெரிந்தவர் பெரும்பாலும் கும்பிடுகிறவரிடம் பேசியதில்லை.

அதே வட்டாரத்தில், மழை பொய்த்தால் விராட பருவம் வைப்பார்கள். பகலில் பாரதம் படிப்பு, இரவில் கூத்து. விராட பருவத்தில் உச்சக்கட்டம் எது? மாடுபிடி சண்டை. துரியோதனன் ஆட்கள் விராட நாட்டு மாடுகளை ஓட்டிப் போகிறார்கள். அலியாக வேடமிட்டிருக்கும் அர்ச்சுனன், நடுங்கும் இளவரசன் உத்தரனைத் தேரில் ஏற்றிக்கொண்டு போய் அவற்றைத் திருப்பி ஓட்டி வருகிறான். உத்தரன் வீட்டுப் பெண்கள் முன்னால் வீரம் பேசிவிட்டுப் படையைப் பார்த்ததும் பின்வாங்கும் இடத்தில் கூட்டம் சிரித்து உருளும். அப்போது கோமாளி கதையை விட்டு இறங்கிவந்து பால் விலை, பெங்களூர் பஸ் கூட்டம், ஊர்த் தலைவர் வாக்குறுதி எல்லாவற்றையும் ஒரு கை பார்ப்பார்.

கல்லிலும் மாடு, கூத்திலும் மாடு. இது தற்செயல் என்று சொல்வாரும் உண்டு. எனக்கு அப்படித் தோன்றவில்லை. காவிரிக்கரைக் காடுகளில் பட்டி போட்டு மாடு மேய்த்தவர்களின் நாடு இது. ஆலம்பாடி மாட்டினத்தின் பிறப்பிடமும் இதே வட்டாரம்தான். மாடுதான் செல்வமாக இருந்த ஊர், மாட்டுக்காகச் செத்தவனைத் தெய்வமாக்கியது. பாரதத்தை எடுத்து ஆடும்போதும் மாடு மீட்கும் கட்டத்துக்குத் தனி மரியாதை வைத்தது. நான் சொல்வது தவறாகவும் இருக்கலாம். ஆனால் சரியா தவறா என்று பார்க்க வேண்டுமானால் பட்டிக்காரரையும் கூத்து வாத்தியாரையும் பூசாரியையும் கல்வெட்டு அறிஞரையும் சேர்த்து உட்கார வைக்க வேண்டும். நாட்டார் வழக்காற்றியல் என்ற படிப்பின் வேலையே அதுதான். பாட்டையும் கதையையும் மட்டும் பொறுக்கி எடுப்பதோடு அது முடிவதில்லை. யார் பாடினார், எந்தச் சடங்கில், யார் கேட்க, யாருக்குக் கேட்க இடமில்லை என்பதையும் சேர்த்து எழுதும்போதுதான் அது இனவரைவியலோடு கைகோக்கிறது.

இப்போது நம் மாவட்டத்தில் இவையெல்லாம் எப்படிப் பிரிந்து கிடக்கின்றன என்று பாருங்கள். கல், தொல்லியல் துறைக்கு. கூத்து, கலை பண்பாட்டுத் துறைக்கு. மாடு, கால்நடைத் துறைக்கு. ஆலம்பாடிக்கென்று ஓர் ஆராய்ச்சி மையமே நம் மாவட்டத்தில் இருக்கிறது. காட்டோரத்து இருளர் குடியிருப்புகள், ஆதிதிராவிடர் பழங்குடியினர் நலத்துறைக்கு. நான்கு கோப்புகள், நான்கு பீரோக்கள். இந்த நான்கு அலுவலர்களும் ஒரே மேசையைச் சுற்றி உட்காருவது உங்கள் ஆய்வுக் கூட்டத்தில் மட்டும்தான். ஆகவே மடல் உங்களுக்கு.

உங்கள் நாற்காலிக்கு இதில் பழைய தொடர்பும் உண்டு. 1792இல் நம் பகுதி அடங்கிய பாராமகால் கும்பினி கைக்கு வந்தபோது அதன் நிர்வாகப் பொறுப்பேற்ற அலெக்சாண்டர் ரீடும், அவருக்குக் கீழே தருமபுரியில் இருந்த தாமஸ் மன்றோவும் மண், பயிர், வரியோடு நிறுத்தவில்லை. குடிகளின் வழக்கங்களையும் எழுதி வைத்தார்கள். பாராமகால் ஆவணங்களில் குடிகளுக்கென்றே ஒரு பகுதி இருக்கிறது, 1907இல் அச்சானது. வரி வாங்குவதற்காக எழுதியது என்பதை மறைக்க வேண்டியதில்லை. சென்னை அருங்காட்சியகத்தின் எட்கர் தர்ஸ்டன் இன்னும் ஒரு படி போனார். மூக்கையும் மண்டையையும் அளக்கும் கருவிகளோடு ஊர் ஊராகச் சுற்றினார், கா. ரங்காச்சாரி துணையோடு 1909இல் தென்னிந்தியச் சாதிகளும் பழங்குடிகளும் பற்றி ஏழு தொகுதிகள் வெளியிட்டார். இன்றும் பயன்படும் செய்திகள் அவற்றில் ஏராளம். ஆனால் அளக்கப்பட்டவர்கள் வாய் திறந்து பேசுவது அபூர்வம். மாறாக, பெர்சி மக்வீன் என்ற ஐ.சி.எஸ். அதிகாரி தமிழ் நாட்டுப்பாடல்களைப் பாடியவர்கள் வாய்மொழியாகவே சேர்த்தார். அவற்றைத்தான் கி.வா.ஜகந்நாதன் 'மலையருவி' என்று பதிப்பித்தார். தஞ்சை சரசுவதி மகால் 1958இல் வெளியிட்டது. பிறகு நா.வானமாமலை வந்து, கதைப்பாடல்களைச் சமூக வரலாறாகப் படிக்க நமக்குக் கற்றுக்கொடுத்தார். அந்த வரிசையில் மன்றோவின் பக்கம் நிற்பதா மக்வீன் பக்கம் நிற்பதா என்பது உங்கள் விருப்பம். எனக்கு மக்வீனைப் பிடிக்கும்.

அரசு எதுவுமே செய்யவில்லை என்று சொல்ல மாட்டேன். 2007இல் நாட்டுப்புறக் கலைஞர்களுக்கு நலவாரியம் வந்தது. மாவட்டக் கலை மன்றம் கலை இளமணி முதல் கலை முதுமணி வரை வயதுக்கேற்ப விருது தருகிறது. நல்லதுதான். ஆனால் விடிய விடிய ஆட வேண்டிய கூத்து, அரசு விழாக்களில் சிறப்பு விருந்தினர் வரும்வரை கூட்டத்தை உட்கார வைக்கும் பத்து நிமிட நிகழ்ச்சியாகிவிடுகிறது. கிரீடமும் புஜகட்டையும் கட்டி முடிக்கவே அதைவிட நேரம் ஆகும்.

யூடியூபில்தான் எல்லாம் கிடைக்கிறதே என்று உங்கள் உதவியாளர் யாராவது சொல்லக்கூடும். கிடைக்கிறது. உள்ளூர் வீடியோக்காரர்கள் முழு இரவுக் கூத்துகளை ஏற்றுகிறார்கள்; அவர்களுக்குக் கும்பிடு. ஆனால் ஆடியவர் யார், எந்த வாத்தியாரிடம் பயின்றார், எந்த ஊர், எந்தக் காரணத்துக்காக வைத்த கூத்து என்று பெரும்பாலும் ஒரு வரி இருக்காது. கணக்கு முடங்கினால் காணொளியும் போய்விடும். தகடூர் என்பது தருமபுரியின் பழைய பெயர்; 'தகடூர் யாத்திரை' என்று நம் ஊர்ப் போரைப் பாடிய ஒரு நூலே இருந்தது. இன்று மிஞ்சியிருப்பவை பிறர் எடுத்தாண்ட சில பாடல்கள்தாம். இங்கே தொலைந்து போவது புதிதல்ல.

நான் கேட்பது பெரிய மண்டபமோ சிலையோ இல்லை. பென்னாகரம் அரசு கலை அறிவியல் கல்லூரி மாணவர்கள் சிலருக்குச் சம்பளத்தோடு ஓராண்டு வேலை கொடுங்கள். பாளையங்கோட்டை தூய சவேரியார் கல்லூரியிலும் தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழகத்திலும் இந்தத் துறையில் பழுத்த ஆசிரியர்கள் இருக்கிறார்கள். அவர்களில் ஒருவரை அழைத்துப் பயிற்சி கொடுக்கச் சொல்லுங்கள். அந்த மாணவர்கள் ஒரே ஒரு திரௌபதி அம்மன் கோயில் பாரதத்தைத் தொடக்கம் முதல் படுகளம், தீமிதி வரை முழுசாகப் பதிவு செய்யட்டும். வாத்தியார்களின் கையெழுத்து நோட்டுகளை நகலெடுத்து மூலத்தை அவர்களிடமே திருப்பித் தரட்டும். நகல் ஒன்று பென்னாகரம் நூலகத்தில் இருக்க வேண்டும். சென்னையில் மட்டும் இருந்தால் எங்களுக்கு அது அமெரிக்காவில் இருப்பதும் ஒன்றுதான். இருளர் பாட்டுகளை, அவர்கள் கூடிப் பேசிச் சம்மதித்தவற்றை மட்டும் பதிவு செய்யுங்கள். சாமிக்கு மட்டும் பாடுவதை மைக் முன்னால் பாடச் சொல்ல நமக்கு உரிமையில்லை.

கற்களைப் பற்றியும் ஒன்று. சாலை அகலப்படுத்தும்போது நடுகல் குறுக்கே வந்தால், அகழ்வைப்பகத்துக்கு ஏற்றிவிடுவது பாதுகாப்பு என்றே எல்லோரும் நினைக்கிறார்கள். அங்கே போன கல்லுக்கு எழுத்து மிஞ்சும், பொங்கல் மிஞ்சாது. அந்தக் குடும்பங்களைக் கேட்டுவிட்டு முடிவு செய்யுங்கள். பல இடங்களில் பத்தடி தள்ளி நட இடமிருக்கும்.

கசப்பான ஒன்றையும் பதிவில் விட்டுவிடக் கூடாது. எந்தத் தெருவரை சாமி வரும், பறை அடிப்பவர் எங்கே நிற்பார், கூத்துக்கு வரி வாங்கும்போது யாரிடம் வாங்கமாட்டார்கள் என்பதெல்லாம் வழக்காறுதான். அழகானதை மட்டும் எழுதினால் அது சுற்றுலாத் துறைக் கையேடு. ஒகேனக்கல் பரிசலுக்குப் பக்கத்தில் வைக்கலாம்.

பங்குனிக்குப் பிறகு இங்கே கூத்து வைக்கத் தொடங்குவார்கள். அதற்குள் அந்த நான்கு அலுவலர்களையும் ஒருமுறை கூட்டிவையுங்கள். நீங்கள் வருவதானாலும் வாருங்கள். இரவு பத்து மணிக்குமேல்தான் திரை விலகும். மேடை, பொன்னாடை எதுவும் வேண்டாம், பாயில் இடம் பிடித்து வைக்கிறோம். வண்டியை மட்டும் பதினொன்றுக்கே கிளப்பிவிடாதீர்கள். மாடுபிடி சண்டை வர விடிகாலை ஆகிவிடும்.

இப்படிக்கு,
பென்னாகரத்துக் கூத்து ரசிகர்களில் ஒருவன்