நாலு நிமிஷம்... நோ டயலாக்!

நம்ம படங்கள்ல ஹீரோவுக்கு லவ் ஃபெயிலியர்னா என்ன ஆகும்? மழை பெய்யும், தாடி வளரும், ஃப்ரெண்டு வந்து ரெண்டு பக்கத்துக்கு ஆறுதல் வசனம் பேசுவான். நாம பாப்கார்ன் வாங்கக் கிளம்பிடுவோம்!

ஒரு வார்த்தைகூடப் பேசாம நம்மளை அழவைக்க முடியுமா? முடியும் பாஸ். 2009-ல் பீட் டாக்டர் இயக்கத்துல வந்த பிக்ஸாரின் 'அப்' பாருங்க. கார்ட்டூன் படம்தான். கார்ல் - எல்லி கல்யாணம் முடிஞ்சதும் சுமார் நாலு நிமிஷத்துக்கு வசனமே கிடையாது. மைக்கேல் ஜியாக்கினோவோட இசை மட்டும்தான். அதுக்குள்ள ஒரு முழு வாழ்க்கையே ஓடி முடிஞ்சிடுது.

மேகமெல்லாம் குழந்தை முகமா தெரியுது. பிறக்கப்போற குழந்தைக்காக ரூமுக்கு பெயின்ட் அடிக்கிறாங்க. கேமரா அப்படியே நகர்ந்தா... ஆஸ்பத்திரி. எல்லி முகத்தைப் பொத்திக்கிட்டு அழறா. டாக்டர் என்ன சொன்னார்னு நமக்குக் கேட்கலை. கேட்கவும் வேணாம்!

டெக்னிக் ரொம்ப சிம்பிள். ஒரே விஷயத்தை ரெண்டு தடவை காட்டுறாங்க. இளவயசுல ஒரு குன்று மேல எல்லி ஓடுறா, கார்ல் மூச்சு வாங்கப் பின்னாடி ஏறுறான். பல வருஷம் கழிச்சு அதே குன்று. இப்ப கார்ல் தாத்தா முன்னாடி போறார், எல்லி பாட்டி தடுக்கி விழறாங்க. 'உடம்பு முடியலை'ன்னு யாரும் சொல்லலை. நாமளே கண்டுபிடிக்கிறோம். அதனாலதான் அப்படி வலிக்குது. கடைசியில தாத்தா தனியா, கையில ஒத்தை பலூனோட உட்கார்ந்திருக்கார். அவ்வளவுதான்! அந்த இசைக்கு 2010-ல் ஆஸ்கர் கிடைச்சது.

நம்ம ஆளுங்க இதை முன்னாடியே பண்ணிட்டாங்க. 1987-ல் சிங்கீதம் சீனிவாசராவ் எடுத்த 'பேசும் படம்' முழுக்கவே வசனம் கிடையாது. ஊரைவிட்டுப் போற அமலா, அட்ரஸ் எழுதின சீட்டை ரோஜாவுல சுத்தி கமலுக்கு வீசுவாங்க. சீட்டு காத்துல பறந்து சாக்கடையில போயிடும். கையில ரோஜா மட்டும் மிச்சம். இதுக்கு மேல என்ன வசனம் வேணும்?

எங்க ஹாஸ்டல்ல ஒரு நண்பனோட அப்பா இறந்த ராத்திரி, நாங்க எல்லாரும் 'ஃபீல் பண்ணாதடா'ன்னு சொல்லிக்கிட்டே இருந்தோம். அவன் யாரையும் நிமிர்ந்துகூடப் பார்க்கலை. ஒருத்தன் மட்டும் எதுவும் பேசாம அவன் துணியை மடிச்சு பையில வெச்சு, கூடவே போய் பஸ் ஏத்திவிட்டான். அப்பதான் அவன் உடைஞ்சு அழுதான்.

கல்ச்சுரல்ஸுக்கு குறும்படம் எடுக்கப்போற மக்களே... சோக சீன்ல வசனத்தை அடிச்சுட்டு, அந்தப் பையை மட்டும் காட்டிப் பாருங்க!